பத்திராஜவும் நமது பாராமுகமும்

மாளிகாவத்தையில் நாம் கற்பிக்கும் பாடசாலையில், உயர்தர வகுப்பு மாணவரிடம் சென்ற தவணையில் ஒரு வினாவைக் கேட்டோம். "இலங்கைத் தமிழரின் வாழ்வைத் தமிழிலேயே படமாக்கிய சிங்கள நெறியாளர் ஒருவரின் பெயரைக் கூறுங்கள்." வகுப்பில் விடையில்லை. அதே மாணவர், சென்னையில் அவ்வாரம் வெளிவந்த படத்தின் இசையமைப்பாளர் முதல் சண்டைப் பயிற்சியாளர் வரையில் பெயர் பெயராக ஒப்புவிக்க வல்லவர்கள். அவர்களை நாம் குறைகூறவில்லை. கற்பியாததை அவர்கள் எவ்வாறு அறிவர்? இடைவேளையில் ஆசிரியர் அறையிலும் அதே வினாவை எழுப்பினோம். இலக்கியக் கூட்டங்களில் முன்வரிசையில் அமர்பவரும், வர்க்கப் போராட்டம் பற்றி மணிக்கணக்கிற் பேச வல்லவருமான நண்பர் ஒருவர், தேநீர்க் கோப்பையைக் கீழே வைக்காமலே, "ஓ, அந்தப் 'பொன்மணி'யைச் சொல்கிறீரா? அது ஓடாத படமல்லவா?" என்றார்.

மாணவரின் மௌனம் நம்மை வருத்தியது. நண்பரின் விடையோ இக்கட்டுரையை எழுத வைத்தது.

ஓடாத படம்! எவனுடைய மொழி இது? படமாளிகையின் வாயிலில் சீட்டுக் கிழிப்பவனிடம் போய்க் கேட்டால் அவன் இவ்வாறு கூறலாம்; அவனுடைய கூலி அதிலேதான் தங்கியிருக்கிறது. படத்தை இறக்குமதி செய்த முதலாளி கூறலாம். போட்ட பணத்தை எண்ணிப்பார்ப்பது அவனுடைய தொழில். மக்கள் கலை, மக்கள் இலக்கியம் என்று மேடைதோறும் முழங்கும் நாம் இவ்விருவரிடமிருந்தும் அளவுகோலைக் கடன் வாங்கிக்கொண்டு வந்து ஒரு கலைஞனை அளக்கலாமா? தமது நூல்கள் மண்ணெண்ணெயும் தீப்பெட்டியும் போல வீடுதோறும் பரவவேண்டுமெனக் கனவு கண்ட பாரதி, அக்கனவு நனவாகாமலே 1921இல் மறைந்தார். வங்கத்தில் ரித்விக் கட்டக் 1950களின் தொடக்கத்தில் எடுத்து முடித்த 'நாகரிக்' என்னும் முதற்படம், அவர் இறந்ததற்கு அடுத்த ஆண்டான 1977இலேதான் திரையைக் கண்டது. அதுவும் ஓடாத படந்தான். அதனாற் குறைந்துபோனவர் கட்டக்கா, அவர் காலத்து வங்கமா?

அதே 1977ஆம் ஆண்டிலேதான் தர்மசேன பத்திராஜவின் 'பொன்மணி' வெளிவந்தது. கட்டக்கைப் பற்றி நம்மவர் எழுதிய கட்டுரைகளை அடுக்கினால் ஓர் அலுமாரி நிறையும். பத்திராஜவைப் பற்றித் தமிழில் எழுதப்பட்டவற்றை ஒரு கைப்பையில் அடக்கிவிடலாம். தூரத்துப் பச்சை கண்ணுக்குக் குளிர்ச்சி என்பது நம்முடைய முற்போக்குக்கும் பொருந்துகிறது போலும்.

பத்திராஜ 1943இற் பிறந்தவர், கண்டியைச் சேர்ந்தவர். பேராதனைப் பல்கலைக்கழகத்திற் சிங்களமும் மேனாட்டுத் தொல்சீர் பண்பாடும் கற்று 1967இற் பட்டம் பெற்றார். படப்பிடிப்பு நிலையத்தில் உதவியாளராகப் பல்லாண்டு உழன்று மேலேறியவர் அல்லர். நம்மைப்போல் ஆசிரியத் தொழில் செய்தவர். அவர் திரைக்கு வந்த காலத்தைக் கவனிக்க வேண்டும். லெஸ்டர் ஜேம்ஸ் பீரிஸ் 1956இல் 'ரேகாவ' மூலம் சிங்களப் படத்தைத் தென்னிந்தியப் படப்பிடிப்பு நிலையத்தின் அட்டைச் சுவர்களிலிருந்து விடுவித்து, கிராமத்தின் வெயிலுக்குக் கொண்டுவந்து நிறுத்தியிருந்தார். அது பெரும் பணி. அதை மறுப்பார் இலர். ஆயின் அந்த வெயிலில் நின்றவை பெரும்பாலும் பழைய வளவுகளும் நலிந்துபோகும் பெருங்குடும்பங்களுமே. 1971 ஏப்ரிலில் ஆயிரக்கணக்கான சிங்கள இளைஞர் ஆயுதமேந்தி எழுந்து மடிந்தனர். படித்திருந்தும் வேலையில்லை, கனவிருந்தும் வழியில்லை என்ற தலைமுறை அது. அத்தலைமுறையின் முகத்தைத் திரையில் யார் காட்டினர்?

1974இல் வந்த 'அஹஸ் கவ்வ' காட்டியது. வானத்தில் ஒரு காவதம் என்று அதன் பெயரைத் தமிழாக்கலாம். கொழும்பு நகரத்தில் வேலை தேடித் திரிகின்ற, தேடிக் களைத்த, களைத்தபின் சும்மா திரிகின்ற இளைஞரின் கதை அது. கதை என்றுகூடச் சொல்வதற்கில்லை. வீதி, சந்தி, வாடகை அறை, கிடைக்காத உத்தியோகம், கைநழுவிப் போகும் காதல், இவற்றினூடே நாள்கள் கழிகின்றன. வில்லன் ஒருவன் வந்து எல்லாவற்றையும் கெடுப்பதில்லை. நல்லவன் ஒருவன் வந்து எல்லாவற்றையும் நேராக்குவதுமில்லை. மாளிகாவத்தைத் தொடர்மாடிகளின் கீழே, மாலை ஐந்து மணிக்குப் பின்னர், மதிற்கட்டில் வரிசையாக அமர்ந்திருக்கும் இளைஞரை நாம் நாள்தோறும் காண்கிறோம். அவர்களுட் சிலர் நம்மிடம் படித்தவர்கள். சிங்களவரும் தமிழரும் முஸ்லிம்களும் அந்த மதிற்கட்டில் ஒன்றாகவே இருக்கின்றனர். வேலையின்மைக்கு மொழி வேற்றுமை கிடையாது. அந்த மதிற்கட்டின் வரலாற்றை அரை நூற்றாண்டுக்கு முன்னரே எழுதத் தொடங்கியவர் பத்திராஜ.

அவருடைய நடை யாது? கண்ணீரைக் கறந்தெடுக்கும் இசை அவரிடம் இல்லை. பார்வையாளனை உச்சிக்குக் கொண்டுபோய் அங்கிருந்து ஆறுதலாக இறக்கிவிடும் முடிவு இல்லை. உண்மையான இடங்களில், அவ்விடத்து ஓசைகளோடு, மனிதரைச் சற்றுத் தள்ளிநின்று நோக்குவார், நோக்கிக்கொண்டேயிருப்பார். நாம் சலிப்படையும் நேரத்தில் அந்த மனிதரும் தம் வாழ்வில் சலிப்படைந்திருப்பதை உணர்கிறோம். 'எயா தென் லொக்கு லமயெக்', அதாவது 'அவள் இப்போது பெரியபிள்ளை', ஒரு கிராமத்துப் பெண்ணின் மனத்தைத் தொடர்கிறது. 1980இல் வந்த 'பார திகே'யில் வருபவன், தவணைப் பணம் கட்டத் தவறியோரின் வாகனங்களைப் பறித்துவரும் வேலை செய்கிறான். காதலியின் கருவைக் கலைக்கப் பணம் தேடி நகரமெங்கும் அலைகிறான். 1977இன் பின் கதவு திறந்துவிடப்பட்ட பொருளாதாரம் மனித உறவை என்ன செய்தது என்பதற்கு அவன் அலைச்சலைவிட வேறு விரிவுரை வேண்டுமா? 1981இல் வந்த 'சொல்தாது உன்னெஹே'யில் இரண்டாம் உலகப் போரிற் போரிட்ட முதிய சிப்பாய், உடலை விற்கும் பெண், குடிகாரன், பிக்பொக்கட்காரன் ஆகிய நால்வர் ஒதுங்கிக் கிடக்கின்றனர். நாடோ சுதந்திர தினம் கொண்டாடிக்கொண்டிருக்கிறது. யாருடைய சுதந்திரம் என்று யாரும் உரக்கக் கேட்பதில்லை. கேட்கும் வேலை நமக்கு விடப்படுகிறது.

இங்கேதான் நம் தோழர்களிற் சிலர் எழுந்து நிற்பர். "வறுமையைக் காட்டினார் சரி, வழியைக் காட்டினாரா? போராட்டம் எங்கே? செங்கொடி எங்கே?" என்று வினவுவர். இவர்களுக்கு 1978இல் வந்த 'பம்பரு எவித்' படத்தையே விடையாகத் தருகிறோம். கற்பிட்டிப் பகுதிக் கடற்கரையொன்றில் மீன் வியாபாரத்தைத் தன் கைக்குள் வைத்திருக்கிறான் உள்ளூர் முதலாளி. நகரத்திலிருந்து இளைஞன் ஒருவன் நண்பர்களோடு வந்திறங்கி அவனுக்குப் போட்டியாகிறான். இருவரின் போட்டிக்கும் அந்த இளைஞனின் காமத்துக்கும் இடையில் மீனவக் குடிகள் நசிகின்றனர், இரத்தம் சிந்துகிறது. வந்தவனாக நடித்தவர் விஜய குமாரதுங்க. அக்காலத்துச் சிங்கள இரசிகரின் கண்மணி. அந்தக் கவர்ச்சியையே குற்றவாளிக் கூண்டில் ஏற்றிவிடுகிறார் பத்திராஜ. நாம் மயங்கிப் பார்த்துக்கொண்டிருந்த அழகன், ஊரைக் குத்தவந்த குளவிகளுள் ஒருவன் என்பதைச் சிறிது சிறிதாகத்தான் அறிகிறோம்.

வந்தவர்களுள் ஒருவனுக்குப் புரட்சிச் சொற்களெல்லாம் மனப்பாடம். உரிமை, சுரண்டல், சமத்துவம் என்று அவன் பேசுகிறான். ஆனால் அச்சொற்கள் கடற்கரை மக்களைப் போய்ச் சேர்வதில்லை. கடலுக்குப் போகிறவனின் பசியை அறியாத வாயிலிருந்து அவை வருகின்றன. தோழர்களே, அந்த இளைஞன் யார்? நாம்தான்! அப்படத்திற் செங்கொடி இல்லையென்று முறைப்பாடு செய்கிறவர்கள் தம்முடைய உருவத்தை அதிற் கண்டு நாணியிருக்க வேண்டும், நாணாமையால் முறையிடுகின்றனர். இடதுசாரியான கலைஞன் இடதுசாரிகளுக்குச் செய்யக்கூடிய பேருதவி முகஸ்துதி பாடுவதன்று, கண்ணாடி பிடிப்பது.

கண்ணாடி பிடிப்பவனை நம் முகாம் எவ்வாறு நடத்தியது என்பதற்கு வரலாற்றிற் கசப்பான சான்றுண்டு. அதை மறைப்பது நேர்மையாகாது. சோவியத் நாட்டில் அலெக்சாண்டர் அஸ்கோல்டொவ் என்பவர் 1967இல் 'கொமிசார்' என்ற படத்தை எடுத்தார். உள்நாட்டுப் போர்க்காலத்துச் செம்படைப் பெண் அதிகாரி ஒருத்தி, ஏழை யூதக் குடும்பமொன்றின் வீட்டிற் பிள்ளை பெறும் கதை அது. புரட்சியின் மனிதப் பக்கத்தைக் காட்டிய அப்படத்தை அதிகாரிகள் பூட்டி வைத்தனர். நெறியாளர் கட்சியிலிருந்து நீக்கப்பட்டார். வேறொரு கதைப்படம் எடுக்கும் வாய்ப்பு அவருக்கு வாழ்நாளில் வாய்க்கவில்லை. இருபதாண்டு கழித்து, 1987இலேதான் மொஸ்கோவில் அப்படத்தை மக்கள் கண்டனர். அங்கே அலுவலகம் பூட்டியது. இங்கே நம்முடைய அலட்சியம் பூட்டியது. பூட்டின் வகைதான் வேறு.

சுதந்திரக் கலைஞன் என்ற சொல்லுக்கு ஆகவே நாம் பொருள் தெளிய வேண்டும். தன் பணத்திற் படமெடுப்பவன் என்பது அதன் பொருளாயின் பணக்காரன் மட்டுமே சுதந்திரக் கலைஞன். நம் நாட்டில் 1972க்கு முன்னர் சிலோன் தியேட்டர்ஸ், சினிமாஸ் லிமிட்டெட், சிலோன் என்டர்டெயின்மென்ட்ஸ் ஆகிய மூன்று கம்பனிகளின் பிடியிலேதான் படத்தொழில் கிடந்தது. இறக்குமதியும் விநியோகமும் படமாளிகைகளும் அவர்களிடம். 1972இல் அரச திரைப்படக் கூட்டுத்தாபனம் தோன்றியபின் அப்பிடி தளர்ந்தது. தென்னிந்தியப் படங்களின் வரவு மட்டுப்பட்டது. உள்ளூர்ப் படங்களுக்கு மூச்சுவிட இடமுண்டாயிற்று. பத்திராஜ அந்த இடைவெளியில் எழுந்தவர். கம்பனிக்கும் அஞ்சாமல், அலுவலகத்துக்கும் அஞ்சாமல், எல்லாவற்றினும் கடினமாக, தன் அணியைச் சேர்ந்தோரின் கைதட்டலுக்கும் அடிமையாகாமல் இருந்தார். அதையே சுதந்திரம் என்கிறோம்.

இனி 'பொன்மணி'க்கு வருவோம். 1974இல் யாழ்ப்பாணத்திற் பல்கலைக்கழக வளாகம் தொடங்கப்பட்டது. பேராசிரியர் கைலாசபதி அதன் முதற் தலைவர். சிங்கள மாணவரும் சிங்கள ஆசிரியரும் அங்கே இருந்தனர். அவ்வாசிரியருள் ஒருவராகப் பத்திராஜவும் இருந்தார். சுற்றுலாப் பயணியாக வந்து பனைமரத்தைப் படம்பிடித்துப் போகவில்லை. வாழ்ந்து, பழகி, கேட்டு, காவலூர் ராஜதுரையின் எழுத்தைத் துணைக்கொண்டு, யாழ்ப்பாணத்துப் பேச்சுத் தமிழிலேயே படமெடுத்தார்.

என்ன படம்? சாதிப் பெருமையையும் பணமுடையையும் ஒருங்கே சுமக்கும் ஒரு குடும்பம். சீதனமின்றிக் கரையேறாத பெண். சாதி வேலியைத் தாண்டி அன்புகொள்ளும் இளையவள் பொன்மணி. அவ்வன்புக்குச் சமூகம் கொடுக்கும் விலை அவளுடைய உயிர். இதைக் கண்டு நாம் திடுக்கிட்டோமா? 1968இல் மாவிட்டபுரம் கோயில் வாயிலில் ஒடுக்கப்பட்ட மக்கள் நின்றதையும், உள்ளே விடமாட்டோம் என்று மறித்தவர்கள் எவர் என்பதையும் மறந்துவிட முடியுமா? அப்போராட்டத்துக்கும் 'பொன்மணி'க்கும் இடையிலுள்ளவை ஒன்பது ஆண்டுகளே. போராட்டத்தைப் பற்றிக் கவிதை பாடினோம், சிறுகதை எழுதினோம், மாநாடு கூட்டினோம். அதே உண்மை திரையில் வந்து நின்றபோது, கதாநாயகன் பாடவில்லை, சண்டையில்லை, படம் மெதுவாக நகர்கிறது என்று எழுந்து போய்விட்டோம். சென்னைப் படத்தில் சேற்றிலே உழும் உழவன் செந்தமிழிற் பாடியபோது கைதட்டிய நாம், நம் வீட்டுத் தமிழைத் திரையிற் கேட்டதும் சிரித்தோம். நம் எழுத்தாளரின் மண்வாசனைத் தமிழை இழிசனர் வழக்கு என்று பண்டிதர் இகழ்ந்தபோது, 1960களில் நாம் எத்துணைச் சீற்றங் கொண்டோம்! அந்தச் சீற்றம் படமாளிகையின் வாயிலோடு நின்றுவிட்டது.

"சிங்களவர் ஒருவருக்கு நம் வாழ்வு எப்படித் தெரியும்?" என்று கேட்போரும் உளர். முதற் சிங்களப் பேசும்படமான 'கடவுனு பொரொந்துவ'வை 1947இல் வெளிக்கொணர்ந்தவர் எஸ். எம். நாயகம் என்னும் தமிழர். அது தயாரானதும் தமிழகத்து மதுரையில். சிங்களத் திரையின் தொட்டிலை ஆட்டிய கைகளுள் தமிழ்க் கைகள் எத்தனையோ. அதைப் பெருமையாகச் சொல்லிக்கொள்ளும் நாம், மறுபக்கத்திலிருந்து ஒரு கை நீண்டால் மட்டும் அந்நியம் என்பதா? இனி, தெரிந்தவர் எவர், தெரியாதவர் எவர்? நம்மவரே எடுத்த ஈழத்துத் தமிழ்ப் படங்கள் பல, நம்மூர் வெயிலிற் சென்னைச் சாயல் பூசிக்கொண்டு வந்தவை. 1972இல் வந்த 'குத்துவிளக்கு', 1978இல் வந்த 'வாடைக்காற்று' போன்ற சில முயற்சிகளே மண்ணை மதித்தன. அவற்றுள்ளும் நம்முடைய அழுக்கை நமக்கே காட்டும் துணிவு 'பொன்மணி'யில் ஓங்கி நிற்கிறது. அதைக் காட்டியவர் சிங்களவர் என்பது அவருக்கு இழுக்கன்று. நாம் முந்திக்கொள்ளவில்லையே என்பது நமக்கு இழுக்கு.

இதற்கு நேரெதிரான வேறொரு கூட்டமும் இருக்கிறது. பத்திராஜவை "இன நல்லிணக்கத்தின் பாலம்" என்று வருணித்து மாலை சூட்டும் கூட்டம் அது. இது பாராமுகத்தினும் கொடியது. 'பொன்மணி' நல்லிணக்கம் போதிக்கும் படமன்று. தமிழர் நல்லவர், சிங்களவர் நல்லவர், எல்லோரும் கைகோத்துப் பாடுவோம் என்று அது சொல்வதில்லை. தமிழ்ச் சமூகத்துக்குள்ளே சாதியும் சீதனமும் ஒரு பெண்ணைக் கொல்கின்றன என்று சொல்கிறது. சிங்களச் சமூகத்துக்குள்ளே வேலையின்மையும் பேராசையும் இளைஞரைத் தின்கின்றன என்று அவருடைய ஏனைய படங்கள் சொல்கின்றன. இரண்டு சமூகங்களையும் ஒரே கண்டிப்போடு அணுகினார். சமத்துவம் என்றால் அதுதான். மாலை சூட்டுவோர் அந்தக் கண்டிப்பை மறைத்துவிட்டுப் பாலத்தை மட்டும் புகழ்கின்றனர். பாலத்தில் நடந்துபோக வேண்டும் என்பது அவர்கள் நினைவுக்கு வருவதில்லை.

வரலாறும் அவரோடு இரக்கமாக நடக்கவில்லை. 1977 ஆகஸ்டு வன்செயலையடுத்துச் சிங்கள மாணவர் யாழ்ப்பாண வளாகத்தை விட்டு நீங்கினர். 1983 யூலையில் ஹெந்தளை விஜயா படப்பிடிப்பு நிலையம் எரிந்தது. 'பொன்மணி' எந்த உறவிலிருந்து பிறந்ததோ அந்த உறவே தீயிடப்பட்டது. 1981க்குப் பின்னர் இருபதாண்டு காலம் பத்திராஜவின் புதிய படமெதுவும் படமாளிகைக்கு வரவில்லை. அவர் ஓய்ந்திருக்கவில்லை. 'கடுல்ல' போன்ற தொலைக்காட்சித் தொடர்களைத் தந்தார், அவுஸ்திரேலியாவின் மொனாஷ் பல்கலைக்கழகத்தில் சத்யஜித் ராய், கட்டக், மிருணாள் சென் ஆகியோரின் வங்கப் படங்களை ஆராய்ந்து கலாநிதிப் பட்டம் பெற்றார், மாணவருக்குக் கற்பித்தார். 2001இல் 'மத்து யம் தவச' என்ற படத்தோடு திரும்பி வந்தார். 2006இல், வடக்கே சென்ற புகையிரதப் பாதையின் கதையினூடே போரின் வரலாற்றைச் சொல்லும் ஆவணப்படமொன்றையும் எடுத்தார். தண்டவாளம் பெயர்க்கப்பட்டு, யாழ்ப்பாணத்துக்கு வண்டி ஓடாத காலம் அது. தமிழர் மறந்த அவர் தமிழரை மறக்கவில்லை. 2018 சனவரியில் அவர் மறைந்தார்.

மறைந்தபின் நாம் என்ன செய்தோம்? வழக்கம்போல் அஞ்சலிக் கூட்டங் கூடி, வழக்கம்போல் தேநீர் அருந்திக் கலைந்தோம்.

போதும். ஆசிரியர்களாகிய நம் கையில் அதிகாரம் சிறிது. ஆயினும் நாற்பது பிள்ளைகள் உள்ள ஒரு வகுப்பறை இருக்கிறது. தமிழ்த் தின விழாவில் இலக்கிய நாடகத்துக்கு ஒதுக்கும் நேரத்தில் ஒரு பகுதியை 'பொன்மணி'யைத் திரையிட ஒதுக்கலாம். படம் முடிந்தபின், "இக்கதை உங்கள் வீட்டில் நடந்தால் நீங்கள் யார் பக்கம்?" என்று பிள்ளைகளைக் கேட்கலாம். 'அஹஸ் கவ்வ'வுக்கும் 'பம்பரு எவித்'துக்கும் தமிழில் எழுத்துரை அமைப்பது, இரு மொழியும் அறிந்த நாலைந்து ஆசிரியர் கூடினால் ஒரு விடுமுறையில் முடியக்கூடிய வேலை. அடுத்த வீதியிலுள்ள சிங்களப் பாடசாலை மாணவரையும் அழைத்து ஒரே மண்டபத்தில் இருத்தலாம். மதிற்கட்டில் ஒன்றாக இருப்பவர்கள் மண்டபத்தில் ஒன்றாக இருக்க மாட்டார்களா?

நாம் தொடங்கிவிட்டோம். அடுத்த தவணையின் முதற் சனிக்கிழமை, நம் வகுப்பறையின் சன்னல்களுக்குக் கறுப்புத் துணி கட்டிப் 'பொன்மணி'யைத் திரையிடவிருக்கிறோம். தேநீர்க் கோப்பையைக் கீழே வைக்காத நம் நண்பருக்கும் அழைப்பு அனுப்பியுள்ளோம். படம் ஓடவில்லை என்று அவர் கூறினாரல்லவா? வந்து ஓட்டிவைக்கட்டும்.